தலைமையாசிரியரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை

பிழைப்பு நாடித் தமிழகத்திலிருந்து வந்து, மும்பையின் கிழக்குப் புறநகரான மான்குர்தில் குடியமர்ந்த ஒரு குடும்பம், சொந்த ஊரில் பெரும்பான்மை மொழியினரைச் சேர்ந்தது. இங்கோ மொழிச் சிறுபான்மையினர். இவ்வேறுபாட்டிற்குச் சட்டத்தில் பெரும் பொருள் உண்டு. மதத்தாலோ மொழியாலோ சிறுபான்மையினராக உள்ள எல்லோரும் தம் விருப்பப்படி கல்வி நிலையங்களை நிறுவி நிர்வகிக்கலாம் என்கிறது அரசியல் சட்டத்தின் 30(1)-ஆவது பிரிவு. யார் சிறுபான்மையினர் என்பதை மாநில அளவிலேயே தீர்மானிக்க வேண்டும் என்று டி.எம்.ஏ. பை அறக்கட்டளை வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் 11 நீதிபதிகள் அடங்கிய அமர்வு 2002-இல் கூறியது. எனவே மும்பைத் தமிழர் நிறுவிய பள்ளி இப்பாதுகாப்பைக் கோரலாம். அதே நிர்வாகம் சென்னையில் ஒரு பள்ளி தொடங்கினால் மொழியின் பேரால் கோர இயலாது.

நிர்வகிக்கும் உரிமையின் உயிர்நிலை தலைமையாசிரியர் நியமனமே. வகுப்புப் பங்கீடு, ஒழுங்கு, தேர்வு, பெற்றோருடன் தொடர்பு ஆகிய யாவும் அவர் கையில் உள்ளன. நிர்வாகக் குழு மாதம் ஒருமுறை கூடிக் கலையும். பள்ளியின் போக்கை நாள்தோறும் வகுப்பவர் அவரே.

இது குறித்துக் கேரளத்தில் எழுந்த வழக்கொன்று எண்ணத்தக்கது. எம்ஜே உயர்நிலைப் பள்ளியின் நிர்வாகம், பணிமூப்புடைய ஆசிரியர் இருக்க, வேறொருவரைத் தலைமையாசிரியராக்கியது. மூத்த ஆசிரியர் வழக்குத் தொடுத்தார். சிறுபான்மைப் பள்ளி என்ற அரசின் அறிவிப்பு நியமனத்திற்குப் பின்னரே வந்தது என்பது அவரது வாதங்களுள் ஒன்று. அறிவிப்பு புதிய தகுதியைப் படைப்பதில்லை, முன்னரே உள்ளதை ஏற்பதே என்று 1998-இல் உச்ச நீதிமன்றம் விடையளித்தது. தகுதியுள்ள எவரையும் நிர்வாகம் தேர்ந்தெடுக்கலாம் என்றும் கூறியது. அரசின் மானியம் பெறுவதால் இவ்வுரிமை பறிபோகாது என்பதை மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் 2006-இல் மீண்டும் தெளிவாக்கியது.

பல ஆண்டுகள் உழைத்த ஆசிரியருக்கு இது கசப்பான தீர்ப்பு என்பதை மறுப்பதற்கில்லை. பிற தனியார் பள்ளிகளில் அவருக்குச் சட்டம் துணை நிற்கிறது: மகாராஷ்டிரத் தனியார் பள்ளி ஊழியர்களின் 1981-ஆம் ஆண்டு விதிகளின்படி, தகுதியும் திருப்தியான பணிப் பதிவும் உடைய மூத்த ஆசிரியரையே தலைமையாசிரியராக்க வேண்டும். சிறுபான்மைப் பள்ளிகளுக்கு 1977-ஆம் ஆண்டின் மூலச் சட்டமே, 3(2)-ஆவது பிரிவில், விலக்கு அளிக்கிறது. தலைமையாசிரியரையும், மிகுந்தால் மேலும் மூவரையும் அமர்த்துவதில் அச்சட்டம் பொருந்தாது. அவர்களுடைய பெயர்களை நிர்வாகம் கல்வித் துறைக்குத் தெரிவித்திருக்க வேண்டும். இந்தச் சிறு நடைமுறையை மறக்கும் நிர்வாகம் பின்னர் வீண் வழக்கைச் சந்திக்க நேரும்.

விலக்கு இவ்வளவே. அரசு வகுக்கும் கல்வித் தகுதியும் அனுபவமும் இல்லாதவரை உறவு கருதி அமர்த்த இவ்வுரிமை இடந்தராது. நியமனம் பெற்ற ஆசிரியர்களை நிர்வாகம் மனம்போல் நீக்கவும் முடியாது. வேலைநீக்கம், பதவியிறக்கம் ஆகியவற்றை எதிர்த்து 30 நாட்களுக்குள் பள்ளித் தீர்ப்பாயத்தில் முறையிடலாம். தில்லியின் பிராங்க் அந்தோணி பள்ளி வழக்கில், சிறுபான்மைப் பள்ளி ஆசிரியர்களுக்கும் அரசுப் பள்ளிகளுக்கு இணையான ஊதியம் உண்டென 1986-இல் தீர்ப்பாயிற்று. உரிமை நிர்வகிப்பதற்கே, சீர்கேட்டிற்கு அன்று என்ற கருத்து 1958-ஆம் ஆண்டின் கேரளக் கல்வி மசோதா வழக்கிலிருந்தே நிலவி வருகிறது.

எல்லைக்கோடு இன்னும் நகர்ந்துகொண்டுதான் இருக்கிறது. மேற்கு வங்கத்தில் உதவி பெறும் மதரஸாக்களின் ஆசிரியர்களை ஓர் ஆணையம் தேர்ந்தெடுக்க வகைசெய்த 2008-ஆம் ஆண்டுச் சட்டம் செல்லும் என 2020 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. முந்தைய தீர்ப்புகளோடு இது எவ்வளவு தூரம் இசையும் என்ற ஐயம் சட்ட மாணவர்க்கு எழுவது இயல்பே.

மான்குர்துப் பெற்றோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மும்பை மாநகராட்சி தமிழ் வழியிலும் பள்ளிகள் நடத்துகிறது. அவை தமிழில் கற்பித்தாலும் சிறுபான்மையினர் நிறுவியவை அல்ல. அங்கே தலைமையாசிரியரை அமர்த்துவது மாநகராட்சியே. அப்பிள்ளைகளுக்குப் பொருந்துவது, தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் அளிக்க மாநிலமும் உள்ளாட்சியும் முயல வேண்டும் எனப் பணிக்கும் 350-ஏ பிரிவு. 1956-இல் சேர்க்கப்பட்ட அது, 30-ஆவது பிரிவைப் போல் அடிப்படை உரிமைகளின் பகுதியில் இடம்பெறவில்லை.