மாதோட்டத்தில் ஒரு நகர்வலம்

நகரங் காணப் போகின்றவர்க்கு வழிகாட்டி ஒருவர் வேண்டும் என்பது நம்மவர்க்குப் புதிய செய்தியன்று. ஆற்றுப்படை என ஓர் இலக்கிய வகையையே வகுத்து வைத்தவர் தமிழர். பரிசில் பெற்று மீள்வோன், இனிப் பெறப் போவோனுக்கு வழியையும் ஊரையும் புரவலனது வாயிலையும் சொல்லிக் காட்டுவது அது. மதுரைக்காஞ்சியைப் படிப்போர் மாங்குடி மருதனாரின் பின்னே பகலும் இரவுமாக மதுரைத் தெருக்களைச் சுற்றி வருகின்றனர். சிலப்பதிகாரத்து ஊர்காண் காதையிலோ கோவலன் தனியனாய் நடந்து, மணி விற்கும் வீதியும் பொன் விற்கும் வீதியும் கூல வீதியும் கண்டு திரும்புகின்றான். அப்பகுதியைப் பாடஞ் சொல்லுந்தோறும் என் மனம் துணுக்குறும். கடைகளை எல்லாம் கண்டான். அவ்வூர்ப் பொற்கொல்லன் ஒருவனது நெஞ்சை அவனுக்கு எடுத்துரைக்க உடன் ஒருவரும் இலர்.

இந்நாளில் உரோமாபுரி, இலண்டன் முதலிய பெருநகர்களில் பத்துப் பன்னிருவர் சிறு குழுவாய்க் கூடி, ஒருவர் முன்னே குடையோ கொடியோ பிடித்துச் செல்ல, நடந்தே ஊர் காணும் வழக்கம் பெருகியிருக்கின்றது. நம் நாட்டிற் காலிக் கோட்டையினுள்ளும் அத்தகைய நடைகள் உண்டு. அங்கெல்லாம் வழிகாட்டி சிறிது மிகைபடச் சொன்னாலும் கேடில்லை. தூணும் மதிலும் கண்முன் நிற்கின்றன. சொல்லையும் கல்லையும் கேட்போர் ஒப்பிட்டுக்கொள்வர். கல்லே இல்லாத நகரொன்றை ஒருவன் காட்டப் புகுந்தால் யாதாம்? அங்கே அவன் சொல்லே மாடம். அவன் சொல்லே வீதி. அத்தகைய நகரொன்று மன்னார்க் கரையில் நம்மிடம் உண்டு. மாதோட்டம் என்றும் மாந்தை என்றும் தமிழரும், மகாதித்த என்று பாளி நூலாரும் வழங்கிய துறைமுகப் பட்டினம் அது.

சென்ற தை மாதத்துச் சனிக்கிழமை ஒன்றில் அறுவரை அழைத்துக்கொண்டு அந்நகரைக் காட்டப் புறப்பட்டேன். ஆசிரியர் இருவர், உயர்தர வகுப்பு மாணவர் நால்வர். அறுவருக்கு மேல் வேண்டா என முன்னரே சொல்லியிருந்தேன். ஒரு வகுப்பு முழுவதையுங் கூட்டிச் சென்றால், முன்னே நிற்பவனுக்குச் சொல்வது பின்னே நிற்பவனுக்குக் காற்றாய்ப் போகும். அறுவரென்றால் முகம் பார்த்துப் பேசலாம். அவர்களும் முகம் பார்த்துக் கேள்வி கேட்பர். அதனால் எனக்கு நேர்ந்ததைப் பின்னர்ச் சொல்வேன்.

காலை ஆறரை மணிக்கு மன்னார்க் கோட்டை வாயிலிற் கூடினோம். தெருவின் நடுவே உரிமையோடு படுத்திருந்த கழுதைகள் இரண்டு எமக்கு வழிவிட மறுத்தன. அராபிய வணிகரோடு கடல் கடந்து வந்த இனம் என்பர். அந்தப் பெருமிதம் போலும். கோட்டை 1560இல் போர்த்துக்கேயர் எடுத்தது. 1658இல் ஒல்லாந்தர் கைப்பட்டது. 1795இல் ஆங்கிலேயரிடம் சென்றது. திருக்கேதீச்சரத்துக் கற்களே இதன் மதிலுக்கு ஏறின என்பது செவிவழிச் செய்தி. “எந்தக் கல், ஐயா?” என்றான் மாணவன் ஒருவன். செவிவழிச் செய்திக்குக் கல் காட்ட இயலாது, தம்பி, என்று சொல்லி நடந்தேன்.

பஸ் வண்டி தீவையும் பெருநிலத்தையும் இணைக்கும் பாலத்தைக் கடந்தபோது, இருபுறத்து ஆழமில்லாக் கடலிலும் பூநாரைகள் கூட்டமாய் நின்றன. இந்த ஆழமின்மைதான் மாதோட்டத்தை ஆக்கியது. பெரிய மரக்கலங்கள் சேதுவின் மணற்றிட்டுக்களைத் தாண்ட இயலாமல் இங்கே நிற்க வேண்டியிருந்தன. பண்டம் இங்கே இறங்கியது, மாறியது, மீண்டும் ஏறியது. அநுராதபுரத்திலிருந்து வரும் அருவி ஆற்றின் வழியும் இப்பக்கமே கடலை நாடியது. தலைநகருக்குத் துறை, கடலோடிகளுக்குச் சந்தை என்னும் இரண்டும் ஓரிடத்திற் பொருந்தின.

சந்தியில் இறங்கிக் கோயில் நோக்கி நடந்தோம். உடைமர நிழலில் முதற்கண் நின்றது மாந்தை மாதா கோயிலை அண்டி. பேசாலையைச் சேர்ந்த கத்தோலிக்க ஆசிரியர் ஒருவர் எம்முடன் வந்திருந்தார். மடு மாதாவின் திருவுருவம் முன்னர் மாந்தையில் இருந்ததென்றும், ஒல்லாந்தர் கத்தோலிக்கரை ஒறுத்த காலத்தில், 1670 அளவில், அடியவர் அதனைக் காட்டுவழியே கொண்டுசென்று காத்தனர் என்றும் அவர் சொன்னார். கோயிலிடிந்த கதையைச் சைவர் சொல்வது எவ்வாறோ, அவ்வாறே அவர் குரலும் இருந்தது. அவ்விடத்தில் அவரே வழிகாட்டி. யான் கேட்போருள் ஒருவன்.

சிறிது தொலைவு சென்றதும் எருக்கலம்பிட்டி ஆசிரியை நின்றார். 1990ஆம் ஆண்டு ஒக்ரோபரில் வடபுலத்து முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டபோது சிறுமியாய்ப் புத்தளம் சென்று, அங்கே படித்து, பல்லாண்டின் பின் ஊர் திரும்பியவர். “இந்தத் தெருவிலைதானே, ஐயா, அந்த எலும்புகள் எடுத்தது?” என்று மெல்லக் கேட்டார். உண்மையைச் சொன்னால், யான் அதைச் சொல்லாமலே கடந்துவிட நினைத்திருந்தேன். பழம்பெருமை காட்ட அழைத்து வந்த பிள்ளைகளிடம் அதை ஏன் சொல்வது என்பது என் எண்ணம். 2013 டிசெம்பரிற் குடிநீர்க் குழாய் பதிக்க வெட்டியபோது, இத்தெருவோரத்தில் மனித எலும்புகள் வெளிப்பட்டன. நீதிமன்றத்தின் மேற்பார்வையில் அகழ்வு நடந்தது. எண்பதுக்கு மேற்பட்டோரின் எச்சங்கள் எடுக்கப்பட்டன. பழைய இடுகாடு என்றனர் சிலர். போர்க்காலத்திற் காணாமற் போனோர் என அஞ்சினர் பலர். இவ்வளவையும் சொன்னேன். மாணவி ஒருத்தி கைகூப்பினாள். அங்கிருந்து கோயில் வாயில் வரை எவரும் பேசவில்லை.

கோயிலைப் பற்றி விரித்தல் வேண்டா. வாசகர் பலர் அறிவர். சம்பந்தரும் சுந்தரரும் பாடிய தலம். போர்த்துக்கேயர் காலத்தில் அழிந்தது. 1872இல் ஆறுமுக நாவலர் மீட்குமாறு அறைகூவினார். 1893இல் நிலம் வாங்கப்பட்டது. கடைசிப் போரிலே பல்லாண்டு மக்கள் அணுக இயலாதிருந்து, பின்னர்க் கருங்கற்றளியாய் எழுந்து, 2022 ஜூலையிற் குடமுழுக்குக் கண்டது. எம்முடைய நோக்கம் கோயிலைச் சூழ்ந்துள்ள மேடு.

குதிரைக் குளம்பின் வடிவில் வளைந்து கிடக்கும் அம்மேட்டை, அறியாதார் வெறும் பற்றைக்காடு என்றே கடப்பர். “எங்கை, ஐயா, பட்டினம்?” என்று கேட்டான் முன்னர்க் கல் கேட்ட அதே மாணவன். “நீ நிற்கிறாய் அதன் மேல்” என்றேன். மேட்டின் புறத்தே அகழிகள் வளைந்த தடம் தெரியும். மேடு இயற்கையன்று, ஆயிரம் ஆண்டுக்கு மேலாக மனிதர் வீடு கட்டி, வீடு இடிந்து, இடிந்ததன் மேல் மீண்டுங் கட்டி உயர்ந்தது. 1907இல் ஜோன் ஸ்ரில்லும், 1920களில் ஹோகார்ட்டும், 1950 அளவிற் சண்முகநாதனும் இங்கே அகழ்ந்தனர். 1980 முதல் 1984 வரை ஜோன் கார்ஸ்வெல் குழுவினர் ஆழ அகழ்ந்தனர். போர் வந்து அப்பணியை நிறுத்தியது. அதன் முடிவுகள் நூலாக வெளிவர 2013 ஆயிற்று. சீனத்து மெருகிட்ட கலவோடுகள், பாரசீகக் கரையின் நீலப்பச்சைக் கலவோடுகள், மணிகள், வளையலுக்கு அறுத்த சங்குகள் எல்லாம் வெளிப்பட்டன.

இவற்றினும் என் மனத்தைக் கவர்ந்தது ஒரு கராம்பு. போர் முடிந்தபின் 2009, 2010 ஆண்டுகளில் தொல்பொருட் திணைக்களத்தாரும் வெளிநாட்டு அறிஞரும் மீண்டும் அகழ்ந்து, மண்ணை நீரிற் கரைத்து அரித்தெடுத்தபோது, கரிந்த நெல்லோடும் மிளகோடும் அஃது அகப்பட்டது. கி.பி. 900க்கும் 1100க்கும் இடைப்பட்டது என்பர். கராம்பு அக்காலத்திற் கீழைக் கடலின் மொலுக்காத் தீவுகளிலன்றி வேறெங்கும் விளையாதது. அத்தனை கடல் கடந்து வந்த ஒன்று, விலைபோகாமலோ கை தவறியோ இம்மண்ணிலே விழுந்து, ஆயிரம் ஆண்டு கிடந்திருக்கின்றது. அதே அகழ்வில் கோதுமை மணியும் திராட்சை விதையும் கிடைத்தன. சோறுண்ணும் ஊரிற் கோதுமை தின்னும் அயலானும் இருந்தான் என்பதற்கு வேறென்ன சான்று வேண்டும்?

சோழர் கல்வெட்டுக்களையும் அங்கே நின்றே சொன்னேன். இப்போது கொழும்பு நூதனசாலையில் உள்ள கல்லொன்று, தாழிகுமரன் என்பான் மாதோட்டமான இராசராசபுரத்தில் இராசராச ஈசுவரம் என்னுங் கோயிலை எடுப்பித்த செய்தியைத் தருகின்றது. மற்றொரு கல், திருவிராமீசுவரம் என்னுங் கோயிலுக்கு வைத்த பொருளைக் காக்கும் பொறுப்பைச் சங்கரபாடியாரும் வெற்றிலை வாணியரும் வாழைக்காய் வாணியரும் ஏற்றமை கூறுகின்றது. அரசன் பெயரைக் கேட்டபோது அசையாதிருந்த பிள்ளைகள், வாழைக்காய் வாணியர் என்றதும் சிரித்து அருகே வந்தனர். நகர் அப்போதுதான் அவர்கள் கண்ணிற் பட்டது போலும்.

அந்நேரத்தில் ஒருவன் குனிந்து எதையோ எடுத்துச் சட்டைப்பையில் இட்டான். நகக்கண் அளவிலான நீலப்பச்சை ஓடு. 1940ஆம் ஆண்டின் தொல்பொருட் கட்டளைச் சட்டத்தை எடுத்துச் சொல்லி மிரட்டியிருக்கலாம். எருக்கலம்பிட்டி ஆசிரியை முந்திக்கொண்டார். “தம்பி, எங்களை ஊரிலையிருந்து எடுத்து வேறை இடத்திலை வைச்சவை. பிறகு நாங்கள் ஆரெண்டு ஒருத்தருக்கும் தெரியேல்லை” என்றார். அவன் ஓட்டை எடுத்த இடத்திலேயே, எடுத்த வாக்கிலேயே வைத்தான்.

இனி, எனக்கு நேர்ந்தது. மாணவி ஒருத்தி, “ஐயா, சங்கப் பாட்டிலை வாற மாந்தை இதுதானே? அம்மாவுக்கு நீங்கள்தான் படிப்பிச்சனீங்களாம். கோயிலுக்கு வரேக்கை எல்லாம் அம்மா சொல்லுவா” என்றாள்.

சொன்னேன், மறுக்க இயலாது. ஆசிரியனாய் அமர்ந்த தொடக்கத்தில், ஆண்டு பலவாக, அகநானூற்று மாந்தையும் நம் மாந்தையும் ஒன்றே என்று சொல்லி வந்தேன். பெயரொப்புமை ஒன்றே என் சான்று. மன்னார்ப் பிள்ளைகள் நிமிர்ந்து உட்கார்வதைக் காண்பது இனிதாயிருந்தது. அகநானூற்று 127ஆம் பாட்டில் மாமூலனார் கூறும் மாந்தையோ இமயத்தில் வில் பொறித்த சேரனுடையது. பகைவர் தந்த திறைப்பொருள் குவிந்த சேரர் ஊர். இதனைப் பாட்டே சொல்லும். பாட்டை விடுத்துப் பெயரைப் பிடித்தவன் யான். பிழையென்று தெளிந்தபின் புதிய வகுப்புக்களில் அதனைச் சொல்வதை விட்டேனே தவிர, முன்னே கேட்டவர்க்குத் திருத்தஞ் சொன்னேனல்லேன். பிழையை விட்டுவிட்டால் திருத்தியதாகும் என்று எண்ணியிருந்தேன். அது மாணவியின் தாயிடம் இருபத்தைந்து ஆண்டு வாழ்ந்து, மகளிடமும் வந்து சேர்ந்திருக்கின்றது.

இம்மேட்டிலே ஒரு குழுவினர்க்குக் கோயிலை மட்டும் காட்டியும், வேறொரு குழுவினர்க்கு மகாதித்தவை மட்டும் காட்டியும் அனுப்பும் வழிகாட்டிகளை யான் கடிந்ததுண்டு. மதுரைப் பாண்டியன் மகள் விசயனை மணக்க வந்து இறங்கியது மகாதித்தவில் என மகாவமிசங் கூறுவதை இருசாராரும் விட்டுவிடுவர். இருவர்க்கும் அஃது உவப்பன்று. அவர்களை நொந்த யான் செய்ததும் அதுவே அன்றோ? கேட்போர் விரும்பிய நகரைக் காட்டினேன்.

“இல்லை, பிள்ளை. அது சேரநாட்டு மாந்தை. நான்தான் பிழையாய்ச் சொல்லிவிட்டேன்” என்றேன். அவள் முகம் வாடியது. பட்டினப்பாலை புகார்த் துறையிலே ஈழத்து உணவு வந்து குவிந்ததைச் சொல்கின்றது. ஈழத்துப் பூதன்தேவனார் பாட்டுக்கள் தொகைநூல்களில் உள்ளன. கேதீச்சரத்தைப் பாடிய சுந்தரர் மரக்கலம் மலிந்த கடலைக் கூறுகின்றார். இவை நமக்குப் போதாவோ என்றேன். முழுவதும் தேறினாள் என்று சொல்ல மாட்டேன்.

பின்னர்ப் பாலாவிக் கரைக்கு இறங்கினோம். மாரி நீர் நிறைந்திருந்தது. கொண்டு வந்த இடியப்பத்தை அங்கே பகிர்ந்து உண்டோம். சந்திக்குத் திரும்பியபோது வெயில் ஏறியிருந்தது. பஸ் வண்டி வர முக்கால் மணி நேரம் இருந்தது. “அம்மாட்டைச் சொல்லட்டோ, ஐயா?” என்று கேட்டாள் அம்மாணவி. “சொல்லு, பிள்ளை” என்றேன். அவள் கைத்தொலைபேசியை எடுத்துச் சற்று விலகி நின்று பேசினாள். இடையிடையே என் பக்கம் திரும்பிப் பார்த்தாள். பின்னர் அருகே வந்து, “அம்மா உங்களோடை கதைக்க வேணுமாம்” என்று தொலைபேசியை என்னிடம் நீட்டினாள்.