முதற் பேசும்பட நடிகையர் இருவர்: ஓர் ஒப்பீடு

1931ஆம் ஆண்டு ஆசியத் திரைக்கலை வரலாற்றில் குறிப்பிடத்தக்கதாகும். அவ்வாண்டு ஆகஸ்டில் கோஷோ ஹெய்னோசுகே இயக்கி வெளிவந்த ‘மாடாமு தோ நியோபோ’ ஜப்பானின் முதல் முழுமையான பேசும்படமாகக் கருதப்படுகிறது. அக்டோபர் 31ஆம் நாள் தமிழின் முதற் பேசும்படமாகிய ‘காளிதாஸ்’ சென்னையில் திரையிடப்பெற்றது. முன்னதில் கினுயோ தனாக்காவும் பின்னதில் டி. பி. இராஜலட்சுமியும் நடித்தனர். இவ்விருவரின் கலைவாழ்வை ஈண்டு ஒப்புநோக்குவோம்.

1909இல் பிறந்த தனாக்கா, 1924இல் ஷோச்சிக்கு நிறுவனத்திற் சேர்ந்து ஊமைப்படங்களில் வளர்ந்தவர். ஜப்பானில் ஊமைப்படங்களுக்குப் ‘பென்ஷி’ எனப்பட்ட கதைசொல்லிகள் அரங்கிலேயே குரல் கொடுத்தனர். பேசும்படம் அவர்தம் பிழைப்பைப் பறித்தது. நடிகருக்கோ சொந்தக் குரலை அளித்தது. 1911இல் திருவையாற்றிற் பிறந்த இராஜலட்சுமி, நாடக மேடையில் பாடி நடித்துப் பெயர் பெற்றவர். எனவே, தமிழில் பேசும்படம் மேடைக் குரலுக்குப் புதிய அரங்கமாயிற்று எனலாம். புராணச் சாயல் கொண்ட ‘காளிதாஸ்’ படத்திலேயே காந்தியடிகளின் இராட்டையைப் போற்றும் பாடல் இடம்பெற்றமை இதற்குச் சான்றாகும். கதையோடு ஒட்டாத நாட்டுப்பற்றுப் பாடல்களைப் பாடுவது அக்கால மேடை வழக்கம்.

இருவரும் பின்னர் இயக்குநராயினர். இராஜலட்சுமி 1936இல் ‘மிஸ் கமலா’வை இயக்கினார்; தனாக்கா 1953இல் ‘கோய்புமி’யை இயக்கினார். தமிழ்ப் பெண்மணியே பதினேழு ஆண்டுகள் முந்தியவர். ஆயினும், உலகத் திரைப்பட ஆய்வுகளில் தனாக்காவின் பெயரே பெரிதும் பேசப்படுகிறது. இதற்குத் தலையாய காரணம் அவருடைய படங்கள் பேணப்பட்டமையே. ‘மாடாமு தோ நியோபோ’வை இன்றும் காணலாம், ‘காளிதாஸ்’, ‘மிஸ் கமலா’ ஆகியவற்றின் படச்சுருள்கள் எஞ்சவில்லை. கலைஞர் ஒருவரின் வரலாற்று இடத்தை அவர்தம் ஆற்றல் மட்டுமன்றி, ஆவணக் காப்பும் முடிவுசெய்கிறது என்பதே நாம் இங்குப் பெறும் முடிவாகும்.

இச்செய்தி மலேசியத் தமிழாசிரியர்க்கும் உரியது. சண்டாக்கானுக்கு விற்கப்பட்ட ஜப்பானியப் பெண்ணின் முதுமையைத் திரையில் நடித்துக் காட்டியமைக்காகத் தனாக்கா 1975இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகை விருது பெற்றார். அதனால் நம் நாட்டு வரலாற்றின் ஒரு பகுதியும் திரையில் நிலைபெற்றது. ஜொகூரின் பாலோ போன்ற சிற்றூர்களிலும் அவற்றைச் சூழ்ந்த தோட்டப்புறங்களிலும் பழைய பாட்டுப் புத்தகங்களும் இசைத்தட்டுகளும் எவர் வீட்டுப் பெட்டியிலேனும் எஞ்சியிருத்தல் கூடும். படச்சுருள் அழிந்த நிலையில் அவையே மூலச் சான்றுகள். மாணவரைக் கொண்டு அவற்றைத் திரட்டிப் பதிவுசெய்தல் ஆசிரியர்தம் உடனடிப் பணியாதல் வேண்டும்.