மறதிநோயும் தாய்மொழியும்

மூளையின் உயிரணுக்கள் சேதமுறுவதால் நினைவாற்றலும் சிந்தனைத் திறனும் படிப்படியாகக் குன்றுவதையே டிமென்ஷியா எனும் மறதிநோய் என்கிறோம். இது முதுமையின் இயல்பன்று. சீன மொழியில் இந்நோய்க்கு நெடுங்காலமாக வழங்கிய ‘சிதாய்’ என்னும் சொல் மந்தம், மூடத்தனம் எனப் பொருள்படும். அப்பெயருக்கு நாணிப் பல குடும்பங்கள் மருத்துவரை நாடத் தயங்கின. ஆகவே தைவானில் ‘அறிவிழப்பு நோய்’ எனவும், ஹாங்காங்கில் ‘அறிதிறன் குறைபாட்டு நோய்’ எனவும் பொருள்தரும் புதுப்பெயர்கள் வழக்கிற்கு வந்தன.

பெயரைப் போலவே மொழியும் முக்கியமானது. வேற்றுநாட்டில் குடியேறிய சீன முதியோருக்கு நோய் முற்றும்போது, பின்னாளில் கற்ற ஆங்கிலம் முதலில் மறையக்கூடும். இளமையில் பேசிய கான்டனீஸோ ஹொக்கியனோ எஞ்சி நிற்கும். அவர்களை ஆங்கிலத்தில் சோதித்தால், மொழி அறியாமையே மறதியாகத் தோன்றிவிடலாம். பிள்ளைகள் மொழிபெயர்த்தால், பெற்றோரின் தடுமாற்றத்தைத் தம்மை அறியாமலே திருத்திச் சொல்வதுண்டு. எனவே, பயிற்சி பெற்ற மொழிபெயர்ப்பாளரைக் கேட்டுப் பெறுவதே நன்று. இது எம்மொழியினர்க்கும் பொருந்தும்.

தைராய்டு சுரப்புக் குறைவு, வைட்டமின் பி12 பற்றாக்குறை, மனச்சோர்வு ஆகியவற்றாலும் மறதி தோன்றலாம். இவற்றுக்குச் சிகிச்சை உண்டு. ஆதலால், நாணத்தால் காலம் தாழ்த்த வேண்டாமெனக் கேட்டுக்கொள்கிறோம்.