ஊர் மண்ணிலிருந்து வரும் காய்ச்சல்: வைத்தியர்களைத் திணறவைக்கும் மெலியோய்டோசிஸ்



அபூர்வ நோய் என்றால் உலகத்தில் ஒருவருக்கோ இருவருக்கோ வருவது என்றுதான் பலரும் நினைக்கிறோம். ஆனால் ஒரு நாட்டில் அபூர்வமான நோய் இன்னொரு நாட்டில் மழைக்காலம்தோறும் வருவதாக இருக்கலாம். அப்படிப்பட்ட ஒரு நோயைப் பற்றியே இந்த மாத மருத்துவ உரையில் பார்க்கப்போகிறோம். அதன் பெயர் மெலியோய்டோசிஸ். டெனிஸ் மொழியில் மெலியோய்டோஸ என்பார்கள். வைலேயில் இருக்கும் ஒரு குடும்ப வைத்தியர் தன் வாழ்நாளில் இந்த நோயாளி ஒருவரைக்கூடப் பார்க்காமலே ஓய்வு பெற்றுவிடலாம். ஆனால் விடுமுறைக்கு ஊருக்குப் போய், வயல் வரம்பில் நடந்து, கிணற்றடியில் குளித்துத் திரும்பும் எங்களில் ஒருவருக்கு இது வருவதற்கு இடமுண்டு. அந்த நேரத்தில் வைத்தியருக்குத் தெரியாத ஒரு விடயம் நோயாளியின் வாயிலிருந்துதான் வரவேண்டும்.

ரங்கூனில் தொடங்கிய கதை

1911ஆம் ஆண்டு பர்மாவின் ரங்கூன் வைத்தியசாலையில் அல்பிரட் விற்மோர் என்ற ஆங்கிலேய வைத்தியர் நோய்க்குறியியல் பிரிவில் பணியாற்றினார். அவரும், அவரோடு பணியாற்றிய கிருஷ்ணசாமியும் வீதியோரத்தில் வாழ்ந்து இறந்த ஏழைகளின் உடல்களைப் பரிசோதித்தபோது ஒரு விசித்திரத்தைக் கண்டார்கள். நுரையீரல், ஈரல், மண்ணீரல் என்று பல உறுப்புகளில் சிறிய சீழ்க்கட்டிகள் இருந்தன. குதிரைகளுக்கு வரும் கிளாண்டர்ஸ் நோய் மனிதருக்குத் தொற்றினால் இப்படித்தான் தெரியும். ஆனால் இறந்தவர்களுக்கும் குதிரைகளுக்கும் தொடர்பு இருக்கவில்லை. கிருமியை வளர்த்துப் பார்த்தபோது அது நீந்தி அசைந்தது. கிளாண்டர்ஸ் கிருமி அசையாது. இது வேறு கிருமி என்று 1912இல் எழுதினார்கள். 1921இல் ஸ்ரான்ரன், பிளெட்சர் என்ற இருவர் இந்த நோய்க்கு மெலியோய்டோசிஸ் என்று பெயரிட்டார்கள்.

கிருமியின் இன்றைய பெயர் பேர்க்கோல்டேரியா சூடோமல்லாய். வெப்பநாடுகளின் ஈரமண்ணிலும் தேங்கிய நீரிலும் வாழும் ஒரு பற்றீரியா அது. சேற்றில் நிற்கும்போது காலிலுள்ள சிறு காயத்தினூடாக உள்ளே போகும். கடும் மழை, புயல் நேரங்களில் மூச்சோடும் போகும். சுத்திகரிக்கப்படாத நீரைக் குடிப்பதாலும் வரலாம். ஒருவரிடமிருந்து இன்னொருவருக்குத் தொற்றுவது மிக மிக அரிது. ஆகவே நோயாளியைத் தள்ளிவைக்க வேண்டிய தேவை இல்லை.

"இலங்கையில் இல்லை" என்றிருந்த நோய்

இலங்கையில் முதல் நோயாளி 1927இலேயே பதிவாகியிருக்கிறார். அவர் ஓர் ஐரோப்பியர். அதன்பின் பல பத்தாண்டுகளாக அங்கொன்றும் இங்கொன்றுமாகவே செய்திகள் வந்தன. இலங்கைக்குப் போய்வந்த ஒருவருக்கு மூளையிலும் நுரையீரலிலும் சீழ்க்கட்டி வந்ததை 1999இல் பெல்ஜியத்து வைத்தியர்கள் எழுதினார்கள். ஐரோப்பாவுக்கு வந்த பயணியிடம் இருந்த நோய் ஊரில் இருப்பவர்களிடம் ஏன் காணப்படவில்லை என்ற கேள்வி எழுவது இயல்புதானே.

விடை எளிமையானது. யாரும் தேடவில்லை. 2006 முதல் கொழும்புப் பல்கலைக்கழக மருத்துவபீடத்தின் எனோக்கா கொறயாவும் அவரோடு சேர்ந்தவர்களும் நாடெங்குமுள்ள வைத்தியசாலை ஆய்வுகூடங்களோடு தொடர்புகொண்டு, சந்தேகமான கிருமிகளை அனுப்பச் சொல்லி ஒழுங்காகப் பரிசோதித்தார்கள். 2018இல் அவர்கள் எழுதிய கட்டுரையில் ஏறத்தாழ 250 உறுதிசெய்யப்பட்ட நோயாளிகளின் விபரம் இருந்தது. மண்ணோடும் தேங்கிய நீரோடும் பழகுவதும், சலரோகமும்தான் முக்கிய காரணங்களாகத் தெரிந்தன. அந்த ஆண்டுகளில் மண் மாறவில்லை, பார்வைதான் மாறியது. தமிழ்நாட்டிலும் இந்த நோய் உண்டு. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி வைத்தியர்கள் இதைப் பற்றிப் பல ஆண்டுகளாக எழுதி வருகிறார்கள்.

உலகம் முழுவதும் ஆண்டுக்கு 165,000 பேருக்கு இந்த நோய் வருவதாகவும், 89,000 பேர் இறப்பதாகவும் 2016இல் ஆய்வாளர்கள் கணக்கிட்டார்கள். இது மதிப்பீடுதான். உண்மையில் பதிவாகும் எண்ணிக்கை இதில் மிகச் சிறிய பங்கே.

ஏன் பிடிபடுவதில்லை?

முதலாவது காரணம், இந்த நோய்க்கென்று சொந்த முகம் இல்லை. ஒருவருக்கு நியூமோனியாவாக வரும். இன்னொருவருக்கு ஈரலில் சீழ்க்கட்டி. வேறொருவருக்கு தோலில் ஆறாத புண், மூட்டு வீக்கம், சிறுநீர்ப் பாதைத் தொற்று. சிலருக்கு மாதக்கணக்கில் மெல்லிய காய்ச்சல், இருமல், நிறை குறைதல். எக்ஸ்றேயில் நுரையீரலின் மேற்பகுதியில் நிழல் தெரியும். எந்த வைத்தியரும் முதலில் காசநோய் என்றுதான் நினைப்பார். எங்கள் நாடுகளில் காசநோய் இதைவிட அதிகம் என்பதால் அந்த நினைப்பில் தவறும் இல்லை. ஆனால் காசநோய்க்கு வழமையாகக் கொடுக்கும் நான்கு மருந்துகளால் இந்தக் கிருமி சாகாது. சளியில் காசநோய்க் கிருமி இல்லாமல், மருந்து குடித்தும் சுகம் வராமல் இருந்தால் மறுபடி யோசிக்க வேண்டும்.

இரண்டாவது, புற்றுநோய் என்ற சந்தேகம். வைலே வைத்தியசாலை புற்றுநோய்ச் சிகிச்சைக்குப் பெயர்பெற்ற இடம். அறுபது வயதுள்ள ஒருவருக்கு நிறை குறைந்து, நுரையீரலில் கட்டி போன்ற நிழல் தெரிந்தால் அங்கே முதலில் புற்றுநோயா என்று பார்ப்பார்கள். அப்படிப் பார்க்கத்தான் வேண்டும். ஆனால் பெற் ஸ்கானில் புற்றுநோய் ஒளிர்வதுபோலவே கிருமித்தொற்றும் ஒளிரும். கட்டியிலிருந்து எடுக்கும் சதைத்துண்டு முழுவதையும் போர்மலின் திரவத்தில் போட்டால் கிருமி செத்துவிடும். பிறகு அதை வளர்த்துப் பார்க்க முடியாது. ஒரு பகுதியை நுண்ணுயிர்ப் பரிசோதனைக்கும் அனுப்பினால்தான் விடை கிடைக்கும். அந்தப் பகுதியை அனுப்ப வேண்டும் என்ற எண்ணம் வைத்தியருக்கு வரவேண்டுமே!

மூன்றாவது, ஆய்வுகூடம். இந்தக் கிருமி சாதாரண வளர்ப்பூடகத்திலேயே ஒன்றிரண்டு நாளில் வளரும். ஆனால் தோற்றத்தில் சாதாரண சூடோமோனாஸ் வகைக் கிருமியைப் போல இருப்பதால், வெளியிலிருந்து கலந்த அழுக்கு என்று ஒதுக்கிவிடுவதுண்டு. கிருமியை அடையாளம் காணும் இயந்திரங்களும் சிலவேளை அதன் உறவுக்காரக் கிருமியின் பெயரைச் சொல்லிவிடும். மேலும், வளர்ப்புப் பரிசோதனை நோயாளிகள் பத்துப் பேரில் ஏறத்தாழ ஆறு பேரையே காட்டிக்கொடுக்கும். ஒருமுறை "ஒன்றும் இல்லை" என்று வந்தால் அதோடு விடாமல் இரத்தம், சளி, சிறுநீர், தொண்டை, சீழ் என்று பல இடங்களிலிருந்து மறுபடி எடுக்க வேண்டும். முன்கூட்டியே சொல்லி அனுப்பினால் ஆய்வுகூடத்தில் வேலை செய்பவர்களும் தங்களைப் பாதுகாத்துக்கொள்வார்கள்.

நான்காவது, காலம். பெரும்பாலானவர்களுக்குக் கிருமி புகுந்து மூன்று வாரத்துக்குள் நோய் தெரியும். ஆனால் அது உடலுக்குள் தூங்கியிருக்கவும் கூடும். இரண்டாம் உலகப்போரில் ஜப்பானியரிடம் கைதியாக இருந்த ஒரு அமெரிக்கருக்கு 62 ஆண்டுகளுக்குப் பிறகு கையில் ஆறாத புண்ணாக இந்த நோய் வெளிப்பட்டதை 2005இல் வைத்தியர்கள் எழுதினார்கள். இது விதிவிலக்குத்தான். என்றாலும் "போன கிழமை எங்கே போனீர்கள்" என்று மட்டும் கேட்டால் போதாது என்பதற்கு அவர் சாட்சி.

எங்கும் போகாத நான்கு பேர்

2021இல் அமெரிக்காவில் நான்கு வெவ்வேறு மாநிலங்களில் நான்கு பேருக்கு மெலியோய்டோசிஸ் வந்தது. நால்வரும் வெளிநாடு போனதில்லை. ஒருவரை ஒருவர் அறியார். இரண்டு பேர் இறந்துபோனார்கள். கிருமியின் மரபணுவைப் பார்த்தபோது நான்கும் ஒரே வகை என்றும், அது தெற்காசியாவின் கிருமியோடு ஒத்துப்போகிறது என்றும் தெரிந்தது. அவர்களுடைய வீடுகளிலிருந்த பொருட்கள், தண்ணீர், மண் எல்லாவற்றையும் மாதக்கணக்கில் சோதித்தார்கள். கடைசியில் ஒக்டோபர் மாதம் ஒரு வீட்டில் இருந்த வாசனைத் திரவப் போத்தலில் கிருமி அகப்பட்டது. இந்தியாவில் தயாரித்து அமெரிக்கக் கடைகளில் விற்கப்பட்ட பொருள் அது. ஏறத்தாழ 3,900 போத்தல்கள் திரும்பப் பெறப்பட்டன. அடுத்த ஆண்டு, மிசிசிப்பி மாநிலத்தின் மண்ணிலும் நீரிலும் இதே இனக் கிருமி வாழ்வது கண்டுபிடிக்கப்பட்டது.

நோய் என்னவென்று தெரிந்த பிறகும் அது எப்படி வந்தது என்று அறிய அவ்வளவு பாடு! ஊருக்குப் போய்வந்த ஒருவர் அதைச் சொன்னாலே வைத்தியருக்குப் பாதி வேலை முடிந்துவிடும்.

சிகிச்சை நீண்டது, ஆனால் உண்டு

பெனிசிலின், ஜென்ராமைசின் போன்ற பல வழமையான அன்ரிபயோற்றிக் மருந்துகளுக்கு இந்தக் கிருமி அசையாது. செவ்ராசிடிம் அல்லது மெறோபெனெம் என்ற மருந்தைக் குறைந்தது 10 முதல் 14 நாட்கள் நாளத்தினூடாக ஏற்றவேண்டும். உள்ளே ஆழமான கட்டி இருந்தால் இன்னும் பல வாரங்கள். அதற்குப் பிறகு கோ-றைமொக்சசோல் குளிசையை ஏறத்தாழ மூன்று மாதம் குடிக்க வேண்டும். காய்ச்சல் விட்டுவிட்டதே என்று இடையில் நிறுத்தினால் நோய் திரும்பி வரும்.

வடகிழக்குத் தாய்லாந்தில் இந்த நோயாளிகளில் நூற்றுக்கு 40 பேர்வரை இறந்திருக்கிறார்கள். ஆஸ்திரேலியாவின் டார்வின் நகரில் இறப்பு நூற்றுக்கு 10 அளவுக்குக் குறைந்திருக்கிறது. அங்கே மழைக்காலத்தில் நியூமோனியாவோடு வருபவர்களிடம் வைத்தியர்கள் இதை ஆரம்பத்திலேயே நினைக்கிறார்கள், சரியான மருந்தை உடனே தொடங்குகிறார்கள், தீவிர சிகிச்சை வசதியும் இருக்கிறது. இந்த நோயில் நாட்கள்தான் உயிர்.

நாங்கள் செய்யக்கூடியவை

நோயாளிகளில் பாதிக்கு மேற்பட்டவர்களுக்குச் சலரோகம் இருக்கிறது என்று பல நாட்டு ஆய்வுகள் சொல்கின்றன. எங்கள் சமூகத்தில் சலரோகம் எவ்வளவு என்று சொல்லத் தேவையில்லை. ஆகவே சலரோகம், சிறுநீரக நோய் உள்ளவர்களும், அளவுக்கு மீறி மதுபானம் அருந்துபவர்களும் கூடுதல் கவனமாக இருக்கவேண்டும். ஊரில் நிற்கும்போது சீனியைக் கட்டுப்பாட்டில் வைத்திருங்கள். மாரிகாலத்தில் வயலிலோ வெள்ளத்திலோ இறங்க வேண்டியிருந்தால் மூடிய சப்பாத்துப் போடுங்கள். காயத்தை மூடிக்கட்டுங்கள். வந்தவுடன் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். கொதித்தாறிய நீரைக் குடியுங்கள். இதற்குத் தடுப்பூசி இன்னும் இல்லை.

திரும்பி வந்தபின் காய்ச்சல் வந்தால் வைத்தியர் "பயணம் எங்காவது போனீர்களா" என்று கேட்பார். எங்கள் பெரியவர்கள் "இல்லை" என்று சொல்லிவிடுவார்கள். ஊருக்குப் போனது அவர்களுக்குப் பயணமல்ல, வீட்டுக்குப் போனதுதான்! எனவே கேட்கும்வரை காத்திருக்காமல் நாங்களே சொல்லவேண்டும். எந்த மாதம், எந்த ஊர், எத்தனை நாள், வயலிலோ வெள்ளத்திலோ நின்றீர்களா, காயம் இருந்ததா, சலரோகம் உண்டா. இவற்றை ஒரு கடதாசியில் எழுதிக் கொண்டுபோங்கள். நோயின் பெயரையும் எழுதுங்கள். "இதையும் பார்க்கலாமா" என்று பணிவாகக் கேட்பதில் தவறில்லை.

டெனிஸ் மொழி போதாதவர்கள் மொழிபெயர்ப்பாளரைக் கேளுங்கள். இங்கே பிறந்த பிள்ளையைக் கூட்டிக்கொண்டு போனால் "வரம்பு", "சேறு" என்பதற்கு அது என்ன சொல்லும்? ஊரிலிருந்து கொண்டுவந்த அன்ரிபயோற்றிக் குளிசைகளைப் பரிசோதனைக்கு முன் குடிக்காதீர்கள். குடித்தால் கிருமி வளராமல் ஒளிந்துகொள்ளும். ஏற்கெனவே குடித்திருந்தால் அதையும் மறைக்காமல் சொல்லுங்கள்.

எங்கள் பிராந்தியத்தின் ஒடென்ச பல்கலைக்கழக வைத்தியசாலையில் 2008இல் மோர்டன் சோடமன் குடியேறியவர்களுக்கான தனிச் சிகிச்சைப் பிரிவொன்றைத் தொடங்கினார். வேறு இடங்களில் காரணம் தெரியாமல் அலைந்த நோயாளிகளின் கதையை, மொழிபெயர்ப்பாளரோடு நேரமெடுத்துக் கேட்பதே அதன் அடிப்படை. நோயாளியின் கதையும் ஒரு பரிசோதனைதான் என்பதை அந்த முயற்சி எடுத்துக்காட்டியது.

காய்ச்சல் வந்தவருக்கெல்லாம் மெலியோய்டோசிஸ் என்று யாரும் பயப்படவேண்டாம். ஊரிலிருந்து வந்தவருக்கு டெங்குவோ சாதாரண சளிக்காய்ச்சலோ இருப்பதற்கே வாய்ப்பு அதிகம். இலங்கையில் மலேரியா ஒழிந்துவிட்டதாக உலக சுகாதார நிறுவனம் 2016இல் அறிவித்தது. ஆனால் இந்தியாவுக்குப் போய்வந்தவர்களுக்கு அதையும் பார்க்கவேண்டும். காய்ச்சலோடு மூச்சு முட்டினாலோ, மயக்கம் வந்தாலோ, சலரோகக்காரர் திடீரென்று சோர்ந்துபோனாலோ அன்றைக்கே வைத்தியரை அழையுங்கள். கிழமைக்கணக்கில் விடாத காய்ச்சலையும், மருந்துக்கு அடங்காத "நியூமோனியா"வையும் சும்மா விட்டுவிடாதீர்கள்.

விடுமுறைக்கு ஊருக்குப் புறப்படும் நேயர்கள் இந்தப் பக்கத்தைக் கிழித்துக் கடவுச்சீட்டோடு வைத்துக்கொள்ளுங்கள். வயதான பெற்றோரோடு போகிறவர்கள் அவர்களுக்கும் வாசித்துக் காட்டுங்கள். மீண்டும் அடுத்த மாத உரையில் சந்திப்போம்.