மெட்ரோவுக்கோ சாலைக்கோ உங்க இடம் போகுதா? கையெழுத்துப் போடும் முன் இதைப் படிங்க!

வண்ணாரப்பேட்டையிலிருந்து விம்கோ நகருக்கு மெட்ரோவில் போயிருக்கீங்களா? தண்டையார்பேட்டை வரை சுரங்கம், அதன்பிறகு மேம்பாலம். சுமார் 9 கி.மீ. நீளமுள்ள இந்தப் பாதை 2021 பிப்ரவரி 14 அன்று திறக்கப்பட்டது. அதற்கு முன்பே, துறைமுகம் போகும் கன்டெய்னர் லாரிகளுக்காக எண்ணூர் விரைவுச் சாலை, மணலி எண்ணெய் ஆலைச் சாலை போன்றவை எண்ணூர்-மணலி சாலை மேம்பாட்டுத் திட்டத்தில் அகலமாயின. இப்படிப்பட்ட திட்டங்களுக்கு அரசு நிலம் மட்டும் போதாது. தனியார் இடமும் தேவைப்படும்.

நாளை உங்கள் வீட்டுக்கும் ஒரு நோட்டீஸ் வரலாம். பதற வேண்டாம். அதே சமயம் அலட்சியமும் வேண்டாம்.

எந்தச் சட்டம்?

நோட்டீஸில் முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான். மெட்ரோவுக்கு 1997-ஆம் ஆண்டின் தொழில் நோக்க நிலமெடுப்புச் சட்டமும், மாநிலச் சாலைகளுக்கு 2001-ஆம் ஆண்டின் தமிழ்நாடு நெடுஞ்சாலைகள் சட்டமும் பயன்படுகின்றன. நடைமுறையும் கெடு நாளும் சட்டத்துக்குச் சட்டம் மாறும். ஆனால் இழப்பீட்டைக் கணக்கிடும் அடிப்படை, 2014 ஜனவரி 1 முதல் நடைமுறையில் உள்ள 2013-ஆம் ஆண்டு மத்தியச் சட்டம்தான்.

எவ்வளவு கிடைக்கும்?

அரசு வழிகாட்டி மதிப்பு ஒருபக்கம். அக்கம்பக்கத்தில் முந்தைய 3 ஆண்டுகளில் பதிவான பத்திரங்களில், அதிக விலை காட்டிய பாதிப் பத்திரங்களின் சராசரி இன்னொரு பக்கம். இரண்டில் எது அதிகமோ அதுவே சந்தை மதிப்பு. பத்திரத்தில் விலையைக் குறைத்துக் காட்டும் பழக்கம் நம்ம தெருவுக்கே நஷ்டமாக முடிவது இங்கேதான்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். நகர்ப்புறத்தில் உங்கள் மனையின் சந்தை மதிப்பு 20 லட்சம், கட்டடத்தின் மதிப்பு 5 லட்சம் என்று வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 25 லட்சம். இதே அளவு, அதாவது 100 சதவீதம், ஆறுதல் தொகையாகச் சேரும். ஆக 50 லட்சம். இதுபோக, மனையின் சந்தை மதிப்பில் ஆண்டுக்கு 12 சதவீதக் கூடுதல் தொகையும் உண்டு. எனவே, நோட்டீஸில் உள்ள சந்தை மதிப்பை மட்டும் பார்த்து 'இவ்வளவுதானா?' என்று முடிவுக்கு வராதீங்க. முழுக் கணக்குத் தாளையும் கேட்டு வாங்குங்க.

'ஆட்சேபணையுடன்' என்ற ஒரு சொல்

தொகை குறைவு என்று நினைக்கிறீர்களா? பணத்தை வாங்காமல் காத்திருக்க வேண்டியதில்லை. 'தொகை போதாது என்ற ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு வாங்கலாம். இதை எழுதாமல் வாங்கிவிட்டால், 2013 சட்டப்படி கூடுதல் தொகை கேட்கும் வழி அடைபட்டுப் போகும்.

அடுத்தது, கெடு. இழப்பீட்டுத் தீர்வம் பிறப்பிக்கப்பட்டபோது நீங்களோ உங்கள் பிரதிநிதியோ அங்கே இருந்திருந்தால், 6 வாரத்துக்குள் மாவட்ட ஆட்சியரிடம் எழுத்து மூலம் மனு கொடுக்க வேண்டும். அவர் அதைத் தீர்ப்பாணையத்துக்கு அனுப்புவார். பேச்சுவார்த்தையில் ஒரு தொகைக்குச் சம்மதித்து ஒப்பந்தம் போட்டுவிட்டால், பிறகு கூடுதலாகக் கேட்பது கடினம். வீட்டில் எல்லோரும் கலந்து பேசிய பிறகே சம்மதம் சொல்லுங்க.

தாத்தா பேரில் பட்டா இருக்கா?

வடசென்னையின் பழைய தெருக்களில் இது சகஜம். வீட்டில் மூன்று குடும்பம் இருக்கும், பட்டாவில் மறைந்த தாத்தாவின் பெயர் இருக்கும். யாருக்கு எவ்வளவு பங்கு என்பதில் தகராறு வந்தால், பணம் உங்கள் கைக்கு வராமல் தீர்ப்பாணையத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும். வாரிசுச் சான்று, பட்டா மாறுதல் வேலைகளை நோட்டீஸ் வரும் வரை தள்ளிப்போடாதீங்க.

செல்போனிலேயே சரிபார்க்க:

• பட்டா, நகர நில அளவைப் பதிவேட்டின் நகல்: வருவாய்த் துறையின் 'எங்கிருந்தும் எந்நேரமும்' இணையச் சேவை

• வில்லங்கச் சான்று, வழிகாட்டி மதிப்பு: பதிவுத் துறை இணையதளம்

இணையத்தில் சிரமம் இருந்தால் அருகிலுள்ள இ-சேவை மையத்தை அணுகலாம்.

வாடகைக்கு இருப்பவர்களா?

மனைக்கான பணம் உரிமையாளருக்குத்தான். ஆனால் நகர்ப்புறத்தில் அந்த இடத்தில் 3 ஆண்டுகளோ அதற்கு மேலோ குடியிருப்பவர்களையும், 3 ஆண்டுகளாக நடத்திவரும் பிழைப்பை இழப்பவர்களையும் 'பாதிக்கப்பட்ட குடும்பம்' என்றே 2013 சட்டம் சொல்கிறது. நீர்நிலையை நம்பி வாழும் மீனவர்களும் இதில் அடக்கம். இவர்கள் மறுவாழ்வு உதவி கோரலாம். அதனால் வாடகை ஒப்பந்தம், கரண்ட் பில், ரேஷன் அட்டை, கடை உரிமம் எல்லாவற்றையும் பத்திரமாக வையுங்க.

நோட்டீஸ் கையில் கிடைத்ததும் அதன் ஓரத்தில் கிடைத்த தேதியைக் குறித்து, ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பிறகு அதில் குறிப்பிட்டுள்ள நிலமெடுப்பு அலுவலரை நேரில் பாருங்கள். சென்னை மாவட்ட ஆட்சியர் அலுவலகம் ராஜாஜி சாலையில், சிங்காரவேலர் மாளிகையில் இருக்கிறது. கொடுக்கும் ஒவ்வொரு மனுவுக்கும் ஒப்புகைச் சீட்டு கேட்டு வாங்க மறக்காதீங்க.