பச்சைக் காய்களுக்கு எலுமிச்சை மல்லிச் சாறு

காய்கறிகளைப் பச்சையாக உண்ணும் வழக்கம் நமக்குப் புதியதன்று. இராமநவமியன்று வெள்ளரிக்காயை நறுக்கி, ஊறிய பயற்றம் பருப்பைச் சேர்த்து, எலுமிச்சம்பழத்தைப் பிழிந்து, கொத்துமல்லித் தழையைத் தூவிக் கோசுமல்லி செய்வது பல வீடுகளில் உள்ள பழக்கம். ஓட்டல்களில் 'சாலட்' என்று வைப்பதும், அதன்மேல் ஊற்றும் 'டிரெஸ்ஸிங்' என்ற சாறும் அதன் மறு உருவமே. இந்தச் சாற்றை வீட்டிலேயே குறைந்த எண்ணெயில், குறைந்த செலவில் செய்துகொள்ளும் முறையையும், அதில் கவனிக்க வேண்டியவற்றையும் இங்குக் காண்போம்.

ஸ்ரீபெரும்புதூர், இருங்காட்டுக்கோட்டை, ஒரகடம், வல்லம் வடகால் ஆகிய ஊர்கள் ஒரு தலைமுறைக்கு முன் ஏரிப்பாசன நெல்லுக்கு உரியவையாக இருந்தன. 1998-இல் இருங்காட்டுக்கோட்டையிலும், 2010-இல் ஒரகடத்திலும் கார் தொழிற்சாலைகள் உற்பத்தியைத் தொடங்கின. இன்று இவ்வட்டாரத்தில் ஆயிரக்கணக்கான இளம் பெண்கள் முறைவேலை பார்த்து, விடுதிகளில் தங்கி, பொதுச் சமையற்கூட உணவையே உண்கின்றனர். வல்லம் வடகாலில் 2024 ஆகஸ்ட்டில் திறக்கப்பட்ட சிப்காட் தொழிலாளர் குடியிருப்பு மட்டுமே 18,720 பேர் தங்கக்கூடியது. அத்தனை பேர் என்ன உண்கிறார்கள் என்பது அவர்கள் உடல்நலத்தை மட்டுமல்லாது, சுற்றியுள்ள காய்கறி விவசாயிகளின் வருவாயையும் பொறுத்த செய்தி.

இரத்தசோகையும் பச்சைக் காயும்

2019-21-ஆம் ஆண்டுகளில் நடந்த தேசியக் குடும்ப நல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் 100-க்கு 53 பேருக்கு இரத்தசோகை உள்ளது. கீரை, பயறு, கேழ்வரகு ஆகியவற்றில் இரும்புச்சத்து உண்டு. ஆனால் தாவர உணவிலுள்ள இரும்பை நம் குடல் எளிதில் ஏற்பதில்லை. அதே வேளையில் வைட்டமின் 'சி' உள்ள உணவையும் உண்டால், இரும்பு எளிதில் கரையும் நிலைக்கு மாறி உடலில் சேர்கிறது. உணவோடு தேநீர், காபி அருந்தினால் அவற்றிலுள்ள துவர்ப்புப் பொருள் இரும்பைப் பிடித்து வைத்துக்கொள்கிறது. ஆகவே உணவுக்கும் தேநீருக்கும் இடையே ஒரு மணி நேரமாவது இடைவெளி இருத்தல் நலம்.

இங்கே ஒரு தவறான எண்ணத்தைத் திருத்த வேண்டும். எலுமிச்சைச் சாற்றில் 100 கிராமுக்குச் சுமார் 30 மில்லிகிராம் வைட்டமின் 'சி'தான் இருக்கிறது. ஒருவர் பங்குக்கு வரும் இரண்டு சிறு கரண்டிச் சாற்றில் 2 அல்லது 3 மில்லிகிராமே கிடைக்கும். அது மட்டும் போதாது. ஆனால் 50 கிராம் பச்சை முட்டைக்கோசில் சுமார் 18 மில்லிகிராம் உள்ளது. தக்காளி, குடைமிளகாய், கொய்யா ஆகியவற்றாலும் அது பெருகும். இவற்றை வேகவைத்து நீரை வடித்தால் இந்தச் சத்தில் பெரும்பகுதி வீணாகும். வெறும் கோசை மெல்ல மனம் வராதவரையும் அதைச் சுவைத்து உண்ணச் செய்வதே இந்தச் சாற்றின் முதற்பயன்.

இரத்தசோகை இருப்பதாக மருத்துவர் சொன்னவர்கள் மாத்திரையை விட்டுவிட்டு இதை மட்டும் நம்பக் கூடாது.

ஐந்து பேருக்குத் தேவையானவை

எலுமிச்சம்பழம் – 2 (சாறு சுமார் 40 மில்லி)
நல்லெண்ணெய் – 20 மில்லி (4 சிறு கரண்டி)
கொதித்து ஆறிய நீர் – 20 மில்லி
கொத்துமல்லித் தழை – 20 கிராம்
புதினா – 10 இலை
தேன் அல்லது தூளாக்கிய வெல்லம் – 1 சிறு கரண்டி
உப்பு – அரைச் சிறு கரண்டி
மிளகுத்தூள் – அரைச் சிறு கரண்டி
கடுகுத்தூள் – கால் சிறு கரண்டி

முதலில் பழத்தைக் கையால் உருட்டிக் குறுக்கே அரிந்து பிழியவும். தோலை நசுக்கிப் பிழிந்தால் அதிலுள்ள எண்ணெயும், விதை அரைபட்டால் அதன் சாரமும் கலந்து கசக்கும். எனவே விதையை நீக்கிய பிறகே மற்றவற்றைச் சேர்க்க வேண்டும். சாற்றில் உப்பு, வெல்லம், மிளகு, கடுகுத்தூள், நீர் ஆகியவற்றைக் கரைத்து, பின்னர் எண்ணெயை ஊற்றவும். இதை மூடியுள்ள கண்ணாடிப் புட்டியிலிட்டு ஒரு நிமிடம் நன்றாகக் குலுக்கினால் சாறு வெண்மை படர்ந்து சற்றுக் கெட்டியாகும்.

எண்ணெயும் நீரும் இயல்பாக ஒன்று சேருவதில்லை. குலுக்கும்போது எண்ணெய் சிறு துளிகளாக உடைகிறது. கடுகுத்தூளிலுள்ள வழவழப்பான பொருள் அத்துளிகளைச் சூழ்ந்து, அவை மீண்டும் ஒன்றுகூடுவதைத் தாமதப்படுத்துகிறது. சிறிது நேரம் கழித்துப் பிரிந்தால் மீண்டும் குலுக்கினால் போதும்.

எண்ணெயை அடியோடு விட்டுவிடலாமா என்று சிலர் கேட்பதுண்டு. விடக்கூடாது. காரட், கீரை ஆகியவற்றிலுள்ள கரோட்டின் கொழுப்போடு சேர்ந்தே உடலில் ஏறும். மேற்சொன்ன அளவில் ஒருவருக்கு 4 மில்லி எண்ணெய்தான் சேர்கிறது. அதில் கிடைப்பது சுமார் 35 கலோரி. ஒரு பெரிய கரண்டி மயோனைஸில் சுமார் 90 கலோரி உண்டு. மேலும், பச்சை முட்டையில் செய்த மயோனைஸால் நோய்க்கிருமிகள் பரவும் ஆபத்துக் கருதி, தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்கு அதற்குத் தடை விதித்ததை வாசகர்கள் அறிவர். நம் சாற்றில் முட்டை இல்லை.

தழையை எப்போது சேர்ப்பது?

பரிமாறுவதற்குச் சற்று முன்னரே தழையைப் பொடியாக நறுக்கிச் சேர்க்க வேண்டும். புளிப்பு பட்டவுடன் இலையின் பச்சையத்திலுள்ள மக்னீசியம் பிரிந்து, நிறம் பழுப்பாக மாறத் தொடங்கும். காய்களின்மேல் சாற்றை ஊற்றுவதையும் உண்ணும் வேளைக்கே வைத்துக்கொள்க. முன்னதாக ஊற்றினால் உப்பு காயிலுள்ள நீரை வெளியே இழுத்து, வெள்ளரி துவண்டுவிடும்.

பித்தளை, செம்பு, அலுமினியப் பாத்திரங்களில் புளிப்புள்ள சாற்றை வைக்கக் கூடாது. கண்ணாடி, பீங்கான், எவர்சில்வர் நல்லவை. தழை சேர்க்காத சாறு குளிர்பதனப் பெட்டியில் இரண்டு நாள் வரை இருக்கலாம். பச்சைப் பூண்டைத் தட்டி எண்ணெயிலிட்டு நாட்கணக்கில் வெளியே வைக்கவே கூடாது. காற்றுப் புகாத எண்ணெயில் கொடிய நஞ்சை உண்டாக்கும் நுண்ணுயிர் வளர இடமுண்டு.

தூய்மையே முதல்

2021 டிசம்பரில் இவ்வட்டாரத் தொழிலாளப் பெண்கள் தங்கியிருந்த விடுதி ஒன்றில் உணவு நஞ்சாகி, 150-க்கு மேற்பட்டோர் மருத்துவமனைக்குச் செல்ல நேர்ந்தது. சமைத்த உணவிலேயே இத்தகைய கேடு நேருமென்றால், அடுப்பில் ஏறாத காய்களுக்கு இரட்டிப்புக் கவனம் வேண்டும். எலுமிச்சை பிழிந்துவிட்டால் கிருமிகள் செத்துவிடும் என்பது தவறு. புளிப்பு கிருமிகளின் பெருக்கத்தைத் தடுக்கலாமே தவிர, கழுவாத இலையைத் தூய்மையாக்காது.

தழைக்கட்டைப் பிரித்து, வேரையும் அழுகிய இலையையும் நீக்கி, ஓடும் நீரில் மூன்று முறை அலசவும். பெரிய சமையற்கூடங்களில், உணவுக்கு உகந்த குளோரின் திரவத்தை லிட்டர் நீருக்கு 50 மில்லிகிராம் குளோரின் வருமாறு கலந்து, அதில் 5 நிமிடம் காய்களை வைத்து, பின்னர் குடிநீரில் அலச வேண்டும். இறைச்சி அரிந்த பலகையிலும் கத்தியிலும் பச்சைக் காயை நறுக்கக் கூடாது. நறுக்கிய காய் வெளியே இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருந்தால் அதை விலக்கிவிட வேண்டும். இரவு முறைவேலையினருக்கு மாலையிலேயே நறுக்கி வைக்கும் விடுதிகள் இதைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

விவசாயிகளுக்கு ஒரு வாய்ப்பு

மேற்சொன்ன அளவை 1,000 பேருக்குக் கணக்கிட்டால், ஒரு வேளைக்கு 400 எலுமிச்சம்பழமும் 4 கிலோ கொத்துமல்லித் தழையும் தேவை. வல்லம் வடகால் குடியிருப்பு நிரம்பிய நிலையில் அனைவருக்கும் ஒரு வேளை பரிமாறினால் ஏறத்தாழ 7,500 பழமும் 75 கிலோ தழையும் வேண்டும். எலுமிச்சை தென்காசி மாவட்டம் புளியங்குடி போன்ற சந்தைகளிலிருந்து பல நூறு கிலோமீட்டர் கடந்து வந்தாலும் கெடாது. தழை அப்படியன்று. அரை நாளில் வாடிவிடும். எனவே படப்பை, வாலாஜாபாத், உத்திரமேரூர்ப் பக்கத்தில் கிணற்றுப் பாசனம் உள்ளவர்களுக்கு இது ஏற்ற பயிர்.

கொத்துமல்லி விதையை இரண்டாக உடைத்து விதைக்க வேண்டும். தழைக்காக வளர்ப்பதானால் சுமார் 40 நாளில் பறிக்கலாம். ஒரே நாளில் நிலம் முழுவதும் விதைத்தால் ஒரே நாளில் விற்க நேரும், விலையும் விழும். நிலத்தை ஆறு பாகமாகப் பிரித்து, வாரம் ஒரு பாகமாக விதைத்து வந்தால், ஆறாவது வாரத்திற்குப் பிறகு வாரந்தோறும் அறுவடை கிடைக்கும். கோடையில் நிழல்வலை அமைப்பது நல்லது. புதினாவைத் தண்டுத் துண்டுகள் நட்டு வளர்த்தால் மீண்டும் மீண்டும் வெட்டலாம்.

பச்சையாக உண்ணும் தழைக்கு மூன்று விதிகளைத் தவறாது கடைப்பிடிக்க வேண்டும். சாக்கடை நீரையோ ஆலைக் கழிவு கலந்த நீரையோ பாய்ச்சக் கூடாது. மக்காத சாணத்தை இடக் கூடாது. நன்கு மக்கிய எருவையே, அதுவும் விதைப்பதற்கு முன்பே இட வேண்டும். பூச்சி மருந்து தெளிக்க நேர்ந்தால், புட்டியில் குறித்துள்ள காத்திருப்பு நாட்கள் முடியும் வரை பறிக்கக் கூடாது.

ஐந்தாறு விவசாயிகள் ஒன்றுகூடி, இன்ன கிழமை இத்தனை கிலோ என்று அருகிலுள்ள ஒரு விடுதியின் சமையற்கூடத்தோடு பேசி முடித்துக்கொண்டால் இருவருக்கும் நன்மை. விதை இரகம், நிழல்வலை ஆகியவை பற்றித் தத்தம் வட்டாரத் தோட்டக்கலை உதவி இயக்குநர் அலுவலகத்தில் கேட்டறியலாம். வரும் கார்த்திகைப் பட்டத்திலேயே ஒரு சிறு பாத்தியில் தொடங்கிப் பார்க்கலாம்.