பிள்ளையை யாரிடம் விட்டுப் போவது?

காலை ஆறரை மணிக்குக் கரையான்சாவடியில் ஆவடி ரோடு திரும்பும் இடத்தில் நின்று பார்த்திருக்கிறீர்களா? ஸ்ரீபெரும்புதூர் கம்பெனி பஸ்களுக்காக ஒரு கூட்டம், அம்பத்தூர் எஸ்டேட்டுக்குப் போக ஒரு கூட்டம், நடுவே கையில் பையோடு வீட்டு வேலைக்கு விரைகிறவர்கள். எல்லாரும் பெண்கள். இவர்களில் பலருக்கு வீட்டில் சின்னக் குழந்தை இருக்கும். அந்தக் குழந்தை இந்நேரம் யாரிடம் இருக்கிறது என்று நான் வெகு நாள் யோசித்ததே இல்லை. என் பிள்ளைகளை மாமியார் பார்த்துக்கொண்டார். அந்தக் கவலை எனக்கு வராமலே போயிற்று.

யோசிக்க வைத்தவள் எங்கள் வீட்டில் பாத்திரம் தேய்க்க வரும் பெண். போன வருஷம் மாசி மாதம் அவள் புருஷன் இறந்துபோனான். மூன்று குழந்தைகள். பெரியவள் ஏழாவது படிக்கிறாள், நடுவான் மூன்றரை வயதுப் பையன், கடைசியது ஒன்றரை வயதுப் பெண். ஆனி மாதம் ஒரு நாள் சின்னதை இடுப்பில் வைத்துக்கொண்டே வந்து நின்றாள்.

"பெரியவள இஸ்கூல வுட்டு நிறுத்திடலாம்னு இருக்கேன்க்கா. அவ வூட்ல இருந்து ரெண்டையும் பாத்துக்கினா, நான் இன்னும் ஒரு வூடு சேத்துப்பேன். கைப்புள்ளய தூக்கினு போனா வூட்டுக்காரம்மாங்க மூஞ்சிய தூக்கறாங்க."

மூஞ்சியைத் தூக்கிய வீட்டுக்காரம்மாக்களில் நானும் ஒருத்தி. சுருக்கென்றது. "ஒரு மாசம் பொறு, நான் விசாரிக்கிறேன்" என்று சொல்லிவிட்டேன். சொன்ன பிறகுதான், யாரிடம், எதை விசாரிப்பது என்று விழித்தேன்!

முதலில் தனியார் குழந்தைகள் காப்பகம் ஒன்றில் கேட்டோம். ஒரு குழந்தைக்கு அவர்கள் கேட்ட பணம், அவள் ஒரு வீட்டில் வாங்கும் மாதச் சம்பளத்தை விடக் கூட. அந்தப் பேச்சு அத்தோடு நின்றது.

நடுவானுக்கு வழி தெருக்கோடியிலேயே இருந்தது. அங்கன்வாடி! நாம் இன்னமும் வாய்ப்பழக்கமாய் 'பால்வாடி' என்கிறோமே, அதுதான். 1975 அக்டோபர் 2ஆம் தேதி நாடெங்கும் 33 இடங்களில் சோதனையாகத் தொடங்கிய திட்டம். 1982 ஜூலையில் எம்.ஜி.ஆர். சத்துணவுத் திட்டத்தைத் தொடங்கியபோது நம் மாநிலத்துச் சின்னக் குழந்தைகளுக்கும் சுடச் சுடச் சாப்பாடு கிடைத்தது. இன்று தமிழ்நாட்டில் 54 ஆயிரத்துக்கு மேல் மையங்கள் இருக்கின்றன. இரண்டு வயது நிறைந்த குழந்தையைச் சேர்க்கலாம். கட்டணம் ஒரு பைசா கிடையாது. மத்தியானச் சாப்பாடு, முட்டை, கொஞ்சம் பாட்டு, கொஞ்சம் படிப்பு. பிறப்புச் சான்றிதழ், தடுப்பூசி அட்டை, ஆதார் இவற்றைக் கையோடு எடுத்துப் போனால் போதும்.

"அங்க போய் யார் வுடுவாங்க?" என்று அவள் அதுவரை அலட்சியமாக இருந்திருக்கிறாள். அவளைச் சொல்வானேன், நம்மிலேயே பலர் 'எல்.கே.ஜி.தான் கௌரவம்' என்று இருப்பவர்கள்தானே? கட்டாயக் கல்விச் சட்டத்தின்படி தனியார் பள்ளிகளில் நுழைவு வகுப்பில் 25 சதவீத இடம் ஏழைக் குழந்தைகளுக்கு உண்டு; குடும்ப வருமானம் ஆண்டுக்கு 2 லட்சத்துக்குள் இருக்க வேண்டும். வழக்கமாகக் கோடை விடுமுறையை ஒட்டி விண்ணப்பம் வாங்குவார்கள், 2025இல் அக்டோபர் வரை தள்ளிப் போயிற்று. நல்ல ஏற்பாடுதான். ஆனால் எல்.கே.ஜி. பல இடங்களில் மத்தியானமே விட்டுவிடும். வேலைக்குப் போகிற தாய்க்கு, சாப்பாடு போட்டுத் தூங்கவும் வைக்கிற அங்கன்வாடிதான் உபயோகம் என்பது என் அபிப்பிராயம்.

சிக்கல் கைக்குழந்தைதான். இரண்டு வயது ஆகாத குழந்தைக்கு அங்கன்வாடியில் சத்துமாவு கொடுப்பார்கள். பகல் முழுதும் வைத்துக்கொள்ள மாட்டார்கள். அதற்கென்று மத்திய அரசின் காப்பகத் திட்டம் ஒன்று உண்டு. ஆறு மாதம் முதல் ஆறு வயது வரை. நாளைக்கு ஏழரை மணி நேரம், மாதம் 26 நாள். 2017இல் வந்த விதிப்படி வறுமைக் கோட்டுக்குக் கீழே உள்ள குடும்பத்துக்குக் கட்டணம் மாதம் 20 ரூபாய்! 2022 முதல் அது 'பால்னா' என்ற பெயரில், அங்கன்வாடியோடு சேர்ந்த காப்பகமாக நடத்தும் ஏற்பாடாக மாறியது. நாடு முழுவதற்கும் 17,000 காப்பகம் என்பது இலக்கு. இவ்வளவு பெரிய தேசத்துக்கு அது எந்த மூலைக்கு? அவள் நடந்து போய் விட்டு வரும் தூரத்தில் எங்களுக்கு ஒன்றும் அகப்படவில்லை. உங்கள் பக்கத்தில் இருக்கலாம். அங்கன்வாடி டீச்சரிடம் கேட்டு வையுங்கள்.

கம்பெனி வேலைக்குப் போகும் சகோதரிகளுக்கு ஒரு வார்த்தை. பெண் தொழிலாளர்கள் ஒரு குறிப்பிட்ட எண்ணிக்கைக்கு மேல் இருந்தால் தொழிற்சாலையில் குழந்தைகள் அறை வேண்டும் என்று 1948ஆம் வருஷச் சட்டமே சொன்னது. 2017 மகப்பேறு திருத்தச் சட்டம், ஆணும் பெண்ணுமாக 50 பேர் வேலை செய்யும் இடத்தில் காப்பக வசதி வேண்டும், தாய் நாளைக்கு நாலு தடவை போய்க் குழந்தையைப் பார்த்து வரலாம் என்றது. 2025 நவம்பரில் நடைமுறைக்கு வந்த சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்பிலும் இது இருக்கிறது. நாலு பேராகச் சேர்ந்து கேட்டால் நிர்வாகத்துக்குக் காது கேட்கும். வீட்டு வேலை செய்கிறவளுக்கு மட்டும் இந்தச் சட்டம் கைகொடுக்காது. மூன்று வீட்டில் வேலை செய்தால் மூன்று முதலாளி. யார் காப்பகம் வைப்பது?

ஆக, கையில் கொஞ்சம் பணம் வந்தால் பக்கத்துக் குடிசைப் பாட்டியிடம் குழந்தையை விட்டு, மாதாமாதம் ஏதாவது கொடுக்கலாம். அந்தப் பணத்துக்கு எங்கே போவது? அங்கன்வாடி டீச்சர்தான் 'மிஷன் வாத்சல்யா' என்று ஒரு பேரைச் சொன்னார். தகப்பனை இழந்து தாய் தனியாக வளர்க்கும் குழந்தை, கைவிடப்பட்ட பெண்ணின் குழந்தை, பெற்றோர் தீராத நோயில் படுத்துவிட்ட குழந்தை இவர்களுக்கு மாதம் 4,000 ரூபாய் ஆதரவுத் தொகை. குழந்தை விடுதிக்குப் போகாமல் சொந்த வீட்டிலேயே வளர வேண்டும் என்பதுதான் நோக்கம். குடும்ப வருமானம் கிராமத்தில் ஆண்டுக்கு 72,000, மற்ற இடங்களில் 96,000 ரூபாய்க்கு மேல் போகக் கூடாது. மூன்று வீட்டு வேலையில் மாதம் 8,000 தாண்டாத அவள், அந்தக் கோட்டுக்குள் மயிரிழையில் இருந்தாள்.

இன்னொரு வீடு சேர்த்துக்கொண்டிருந்தால் கோட்டைத் தாண்டியிருப்பாள். அது மட்டுமல்ல. பள்ளிக்கூடம் போகிற வயதுப் பிள்ளை படிப்பை விட்டு நின்றால் அந்த உதவித் தொகையை நிறுத்திவைக்க விதியில் இடமிருக்கிறது. கைக்குழந்தையைப் பார்க்கப் பெரியவளை நிறுத்தியிருந்தால் பெரியவளுக்கு வர வேண்டிய பணமே வந்திராது! இதை நான் எடுத்துச் சொன்னபோது அவள் துடைப்பத்தைக் கீழே போட்டுவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

2025இல் தொடங்கிய 'அன்புக் கரங்கள்' 2,000 ரூபாய் திட்டத்தையும் சிலர் சொன்னார்கள். அது இரண்டு பெற்றோரையும் இழந்தவர்களுக்கு. அல்லது ஒருவரை இழந்து, மற்றவரும் உடல் ஊனத்தாலோ சிறைவாசத்தாலோ பார்த்துக்கொள்ள முடியாத நிலையில் இருக்கும் குழந்தைகளுக்கு. உழைத்துப் பிழைக்கும் தாய் இருக்கிற இந்தக் குழந்தைகளுக்குப் பொருந்தாது.

விண்ணப்பம் போகிற இடம் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகு. எங்களுக்குத் திருவள்ளூர். எந்த ஊராக இருந்தாலும் 1098க்குப் போன் செய்தால் வழி சொல்வார்கள். கணவரின் இறப்புச் சான்றிதழ், வருமானச் சான்றிதழ், குழந்தையின் பிறப்புச் சான்றிதழ், படிப்புச் சான்றிதழ், ரேஷன் கார்டு, ஆதார், குழந்தை பெயரும் இருக்கிற வங்கிக் கணக்கு. வருமானச் சான்றிதழை இ-சேவை மையத்தில் எழுதிப் போடலாம். இதற்கிடையில் ஒரு ஆசாமி வந்து, "ரெண்டாயிரம் குடுங்க, நானே முடிச்சுத் தரேன்" என்றான். அவள் கம்மலை அடகு வைக்கக் கிளம்பிவிட்டாள்! தடுத்து நிறுத்துவதற்குள் எனக்குப் பிராணன் போயிற்று. இந்த விண்ணப்பத்துக்குக் காசே கிடையாது.

போட்ட உடனே பணம் வந்துவிடும் என்று எண்ணிவிடாதீர்கள். வீட்டுக்கு வந்து விசாரிப்பார்கள், பிறகு குழு கூடி ஒப்புதல் தர வேண்டும். தகுதி உள்ள எல்லாருக்குமே கிடைத்துவிடும் என்றும் சொல்ல முடியாது. நிதிக்கும் எண்ணிக்கைக்கும் எல்லை உண்டு. ஆடியில் எழுதிப் போட்டோம், கார்த்திகையில் பெரியவள் பெயருக்கு வந்தது. அதுவரை பாட்டிக்கு நானும், இன்னொரு வீட்டு அம்மாளும் ஆளுக்குக் கொஞ்சம் கொடுத்தோம். தர்மம் இல்லை, அவள் சம்பளத்தில் எப்போதோ கூட்டியிருக்க வேண்டியதைத்தான் கொடுத்தோம்.

தை பிறந்ததும் சின்னதுக்கும் இரண்டு வயது நிறைந்து, அண்ணன் கையைப் பிடித்துக்கொண்டு அங்கன்வாடிக்குப் போகிறது. பெரியவள் எட்டாவது போகப் போகிறாள். சாயங்காலம் நாலு மணிக்கு மையத்தைப் பூட்டிவிடுகிறார்கள். அவளுக்கு வேலை முடிய ஆறு மணி ஆகும். அந்த இரண்டு மணி நேரத்துக்கு எந்தத் திட்டமும் எனக்கு அகப்படவில்லை. அதனால் ஐந்து மணிக்கு எங்கள் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தவளை இரண்டு மணிக்கே வரச் சொல்லிவிட்டேன். ராத்திரிப் பாத்திரத்தை இப்போது நானே தேய்க்கிறேன்.